‘பிரிங் எ பிளேட்’ என்றால் வெறும் தட்டா? பிரிட்டிஷ், ஆஸ்திரேலியப் பேச்சு வழக்குகளைப் பிடிப்பது எப்படி

கேள்வி இது: ஆங்கிலவழியில் படித்தவர், ஐஇஎல்டிஎஸ் தேர்விலும் நல்ல மதிப்பெண் எடுத்தவர், செவிலியர் வேலைக்கு இங்கிலாந்து போகிறார். அக்கா குடும்பம் மெல்போர்னில் இருக்கிறது. இரண்டு நாட்டுக்காரர்கள் பேசும்போதும் ஒவ்வொரு சொல்லும் தெரிந்த சொல்லாகவே இருக்கிறது, வாக்கியம் மட்டும் பிடிபடவில்லை. இதை எப்படிக் கற்றுக்கொள்வது?

சொல் தெரிந்திருப்பதுதான் இங்கே சிக்கலே. தெரியாத சொல் காதில் விழுந்தால் உடனே நிறுத்திக் கேட்போம். லோஃப், பிளேட், டீ, பேன்ட்ஸ் என்று வந்தால் கேட்கத் தோன்றாது. நமக்குத் தெரிந்த பொருளை எடுத்துக்கொண்டு தலையாட்டிவிடுவோம். புத்தகத்தில் தமிழ் படித்த வெளிநாட்டவரிடம் ‘அவன் எனக்கு அல்வா கொடுத்துட்டான்’ என்று சொன்னால், எந்தக் கடை அல்வா என்று கேட்பார். ‘சும்மா காது குத்தாதே’ என்றால் தன் காதைத் தொட்டுப் பார்ப்பார். அங்கே நம் நிலையும் அதேதான். பட்டியல் பட்டியலாக மனப்பாடம் செய்வதில் பெரிய பலன் இல்லை. இந்த வழக்குகள் எந்த வழியில் உண்டாகின்றன என்று தெரிந்தால், புதிதாக ஒன்று காதில் விழும்போது ‘இது நேர்ப்பொருள் இல்லை’ என்றாவது உறைக்கும். அந்த உறைப்பு வந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது.

மிகக் கடினமான வகையிலிருந்தே தொடங்கலாம். லண்டனின் கிழக்குப் பகுதியான ஈஸ்ட் எண்டில், 1840களையொட்டித் தெரு வியாபாரிகள் மத்தியில் பரவிய ‘ரைமிங் ஸ்லாங்’, அதாவது இயைபுக் கொச்சை வழக்கு இது. 1859இல் ஜான் கேம்டன் ஹாட்டன் வெளியிட்ட கொச்சைச்சொல் அகராதியிலேயே பதிவாகிவிட்டது. நம் யாப்பில் அடிகளின் கடைசிச் சொற்கள் ஒத்து ஒலிப்பதை இயைபு என்கிறோம் அல்லவா, அதுதான் இதன் அடிப்படை. ‘தலை’க்கான ஹெட் என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கு இயைபாக பிரெட். பிரெட்டில் முடியும் பழகிய தொடர் ‘லோஃப் ஆஃப் பிரெட்’, அதாவது ஒரு முழு ரொட்டி. இதுவரை ஊகித்துவிடலாம். அடுத்த படியில்தான் வழுக்கும்: இயைபு தந்த பிரெட்டையே வெட்டி எறிந்துவிடுவார்கள். மிச்சம் இருப்பது லோஃப். ‘யூஸ் யுவர் லோஃப்’ என்றால் மூளையைக் கொஞ்சம் உபயோகி என்று பொருள். லோஃபுக்கும் ஹெட்டுக்கும் ஒலியிலும் ஒப்பில்லை, பொருளிலும் ஒப்பில்லை. பாலத்தைக் கட்டி, ஆற்றைக் கடந்து, பாலத்தைப் பிரித்து எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

இதே முறையில் பார்வைக்கான லுக் ‘புட்சர்ஸ் ஹுக்’ ஆகி, கடைசியில் ‘புட்சர்ஸ்’ மட்டும் நிற்கிறது. கசாப்புக் கடைக் கொக்கி என்பதுதான் முழுத் தொடர். ‘ஹேவ் எ புட்சர்ஸ் அட் திஸ்’ என்றால் இதைக் கொஞ்சம் பாரேன். பொய்க்கான லைஸ், ‘போர்க் பைஸ்’ ஆகி ‘போர்க்கீஸ்’ ஆனது. நண்பனான மேட், ‘சைனா பிளேட்’ ஆகி ‘சைனா’ ஆனான். ‘மை ஓல்ட் சைனா’ என்று ஒருவர் தோளில் தட்டினால் சீன தேசம் எல்லாம் கிடையாது, பீங்கான் தட்டுதான். பாதங்கள் ‘பிளேட்ஸ் ஆஃப் மீட்’, சுருக்கமாக பிளேட்ஸ். தனியாக இருப்பது ‘ஆன் மை டாட்’; 1890களின் இறுதியில் இங்கிலாந்தில் குதிரை ஓட்டிய அமெரிக்க ஜாக்கி டாட் ஸ்லோன், ‘ஓன்’ என்ற சொல்லுக்கு இயைபாகக் கிடைத்தவர்.

எல்லாவற்றையும் வெட்டுவதில்லை. திருடனைக் குறிக்கும் ‘டீ லீஃப்’ முழுதாகவே நிற்கும். செத்துப்போனதைக் குறிக்கும் ‘பிரவுன் பிரெட்’டும் அப்படியே. எதை வெட்டுவது, எதை விடுவது என்பதற்கு விதி கிடையாது, பழக்கம்தான். அதனால் நாமாகப் புதிதாக ஒன்றை உண்டாக்கிப் பேசினால் யாருக்கும் புரியாது. ‘பிளேட்ஸ்’ பாதம், ‘சைனா’ நண்பன் என்று ஒரே தட்டிலிருந்து இரண்டு வந்திருப்பதைப் பார்த்தாலே தெரியும், இதில் தர்க்கம் தேடக் கூடாது.

உச்சரிப்பு தெரியாவிட்டால் சிலவற்றில் இயைபே கேட்காது. ஓயாமல் பேசுவதை ‘ராபிட்டிங் ஆன்’ என்பார்கள். பேச்சுக்கான டாக் என்பதற்கு ‘ராபிட் அண்ட் போர்க்’. போர்க்கும் டாக்கும் எப்படி ஒத்து ஒலிக்கும்? லண்டன் வாயில் போர்க் என்பதன் ‘ர்’ ஒலிக்காது. ‘போக்’, ‘டோக்’ என்று இரண்டும் ஒரே அச்சில் வரும். நாம் பள்ளியில் ‘ர்’ரை அழுத்தி உச்சரித்துப் பழகியவர்கள், அதனால் நம் காதுக்கு இந்தப் பொருத்தம் எட்டுவதில்லை.

பிடிப்பதற்கு ஒரு வழி உண்டு: பொருளை விட்டுவிட்டு இலக்கணத்தைக் கேளுங்கள். ‘ஹேவ் எ புட்சர்ஸ்’ என்பதில் ‘கசாப்புக்காரருடைய’ என்பது வரை வருகிறது. எதை என்பதற்கான பெயர்ச்சொல் இருக்க வேண்டிய இடம் காலி. ‘ஆன் மை டாட்’டில் டாட் என்ற சொல்லுக்கு அன்றாட ஆங்கிலத்தில் வேறு பொருளே கிடையாது. ‘டெல்லிங் போர்க்கீஸ்’ என்பதில், சொல்வது என்ற வினைக்குப் பின்னால் தின்பண்டம் வருகிறது. இப்படி வினைக்கும் பெயருக்கும் பொருந்தாத கூட்டணி கேட்டால், பின்னால் ஒரு சொல் வெட்டப்பட்டிருக்கிறது என்று வைத்துக்கொள்ளலாம். சுற்றுலாப் பயணிகளுக்கு முதலில் சொல்லித்தரும் ‘ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்’, அதாவது மாடிப்படி, அன்றாடப் பேச்சில் அரிது. லோஃப், போர்க்கீஸ், புட்சர்ஸ், ராபிட் ஆகியவை லண்டனுக்கு வெளியேயும் உயிரோடு இருக்கின்றன. சொல்பவரில் பலருக்கே அவை இயைபிலிருந்து வந்தவை என்று தெரியாது.

தமிழருக்கு நெருக்கமான ஒன்று இதில் இருக்கிறது. ‘ஃபேன்ஸி எ ரூபி?’ என்று வெள்ளிக்கிழமை மாலை யாராவது கேட்டால் மாணிக்கக்கல்லைப் பற்றிக் கேட்கவில்லை. ரூபி மர்ரி என்பவர் பெல்ஃபாஸ்டில் பிறந்த பாடகி. 1955இல் ஒரே வாரத்தில் அவருடைய ஐந்து பாடல்கள் பிரிட்டனின் முதல் 20 இடங்களுக்குள் இருந்தன. மர்ரிக்கு இயைபு கர்ரி. அந்தக் கர்ரியோ நம் ‘கறி’யிலிருந்து போனது. கறி கப்பலேறிப் போய் கர்ரியாகி, ஒரு ஐரிஷ் பாடகியின் குடும்பப்பெயரில் ஒளிந்து, அந்தக் குடும்பப்பெயரும் வெட்டப்பட்டு, இப்போது ‘ரூபி’ என்ற பெயரில் உலவுகிறது.

இந்த வித்தை ஆஸ்திரேலியாவுக்கும் போனது. அங்கே ‘டாக்ஸ் ஐ அண்ட் டெட் ஹார்ஸ்’ என்று ஒரு சாப்பாடு உண்டு. நாயின் கண்ணும் செத்த குதிரையும். மீட் பை, சாஸ், அவ்வளவுதான். ‘ஹேவ் எ கேப்டன் குக்’ என்றால் லண்டன்காரரின் புட்சர்ஸ்தான், பார் என்று பொருள். ஆஸ்திரேலியர்கள் இங்கிலாந்துக்காரரை ‘பாம்’ என்பதும் இதே வழியில் வந்தது. குடியேறியவரைக் குறிக்கும் ‘இமிக்ரன்ட்’டுக்கு இயைபாக முதலில் ஜிம்மி கிரான்ட் என்றார்கள். பிறகு அதே ஒலியில் பாம்கிரானேட், அதாவது மாதுளம்பழம். அது பாமி ஆகி, பாம் ஆகிவிட்டது. ‘இங்கிலாந்தின் கைதி’ என்று பொருள்படும் முதலெழுத்துச் சுருக்கம் இது என்று பரவலாகச் சொல்வார்கள். அது பின்னால் கட்டிய கதை. சொல்லாராய்ச்சியில் இப்படிப்பட்ட முதலெழுத்துக் கதைகளைக் கண்டாலே சந்தேகப்படுவது நல்லது. லண்டனில் 25 பவுண்டை ‘போனி’ என்றும் 500 பவுண்டை ‘மங்கி’ என்றும் சொல்வதற்கு, அந்தக் கால இந்திய ரூபாய் நோட்டில் மட்டக்குதிரையும் குரங்கும் அச்சிட்டிருந்ததுதான் காரணம் என்று ஒரு கதை சுற்றுகிறது. அப்படி ஒரு நோட்டு கிடைத்ததே இல்லை.

ஆஸ்திரேலியர்களின் சொந்த வழி வேறு: வெட்டி, வால் ஒட்டுவது. நீளமான சொல்லின் முதல் அசையை எடுத்துக்கொண்டு, பின்னால் ‘ஈ’ அல்லது ‘ஓ’ சேர்ப்பார்கள். காலை உணவு பிரெக்கி, கொசு மொஸ்ஸி, தபால்காரர் போஸ்டி, கைத்தொழில் வேலைக்காரர் டிரேடி. பெட்ரோல் பங்க் சர்வோ, ஆம்புலன்ஸ் ஊழியர் ஆம்போ, குப்பை எடுப்பவர் கார்போ, பிற்பகல் ஆர்வோ. எதற்கு ஈ, எதற்கு ஓ என்பதற்கு விதி இல்லை. போஸ்டோ என்றோ கார்பி என்றோ சொன்னால் ஒட்டாது. ‘ஸ்மோகோ’ என்பது புகைப்பதிலிருந்து வந்திருந்தாலும், இன்று வேலைக்கு நடுவே விடும் சிறு இடைவேளை மட்டுமே. புகைக்காதவரும் ஸ்மோகோ போகலாம். பெயர்களில் ‘ர’ இருந்தால் அது ‘ஸ’வாகத் திரியும்: பேரி பாஸா, ஷேரன் ஷாஸா. இந்தச் சுருக்கங்களில் அலட்சியமோ கேலியோ இல்லை. முழுச்சொல்லை நீட்டி முழக்குவதுதான் அங்கே அந்நியமாகத் தெரியும்.

அவற்றில் ஒன்றில் மட்டும் வேலைக்குப் போகிறவர்கள் கவனமாக இருக்க வேண்டும். ‘சிக்கி’ என்பதும் இதே அச்சில் வந்ததுதான். ஆனால் ‘சக் எ சிக்கி’ என்றால் உடம்பு நன்றாக இருக்கும்போதே நோய் என்று சொல்லி விடுப்பு எடுப்பது. உண்மையாகவே காய்ச்சலில் கிடப்பவர் மேலாளரிடம் ‘ஐ ஆம் சக்கிங் எ சிக்கி’ என்றால், தானே பொய்விடுப்பை ஒப்புக்கொண்டதாக ஆகும். ‘டேக்கிங் எ சிக் டே’ என்று சொல்லுங்கள்.

இனி சாப்பாடு. தலைப்பில் உள்ள ‘பிரிங் எ பிளேட்’ ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் அழைப்பிதழ்களில் வரும் வரி. தட்டில் உணவு கொண்டு வாருங்கள் என்பது பொருள். பல தலைமுறையாகப் புதிதாகக் குடியேறியவர்கள், அந்த வீட்டில் தட்டுப் பற்றாக்குறை என்று நினைத்துக் காலித்தட்டோடு போய் நின்றிருக்கிறார்கள். வந்த எல்லாருக்கும் சமைத்துக்கொண்டு போக வேண்டியதில்லை. எட்டுப் பத்துப் பேர் ஆளுக்குக் கொஞ்சம் எடுத்துக்கொள்ளும் அளவு போதும். கையால் எடுத்துச் சாப்பிடக்கூடியதாக இருந்தால் நல்லது. மசால்வடை, சமோசா, சின்ன இட்லி எல்லாம் சரியாகப் பொருந்தும்; சாம்பார் பாத்திரத்தோடு போனால் பரிமாற இடமிருக்காது. பரிமாறும் கரண்டியோ இடுக்கியோ கூடவே எடுத்துச் செல்லுங்கள். வேர்க்கடலை, முந்திரி சேர்ந்திருந்தால் ஒரு சீட்டில் எழுதி வையுங்கள்; ஒவ்வாமை உள்ளவர்கள் அங்கே அதைத் தேடிப் படிப்பார்கள்.

வடக்கு இங்கிலாந்தில் ‘கம் ரவுண்ட் ஃபார் யுவர் டீ’ என்றால் தேநீருக்கு மட்டும் கூப்பிடவில்லை. மாலை ஐந்து, ஆறு மணி வாக்கில் சாப்பிடும் முழுச் சாப்பாட்டுக்குப் பெயரே அங்கே டீ. மதியச் சாப்பாடு டின்னர். வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டுப் போனால் கூப்பிட்டவருக்கு வருத்தமாகிவிடும். வெறும் தேநீர் வேண்டுமானால் ‘ப்ரூ’ என்பார்கள். நேரம் சொல்லும்போது ‘ஹாஃப் செவன்’ என்பது ஏழரை. ஆறரையா என்று தடுமாற வேண்டாம். தமிழில் சொல்வது போலவே ஏழும் அரையும்.

‘ஷவுட்’ என்றால் கத்துவது என்றுதானே படித்தோம். ஆஸ்திரேலியாவில் மதுக்கடையில் ‘இட்ஸ் யுவர் ஷவுட்’ என்றால் இந்தச் சுற்று உன் செலவு என்று பொருள். நான்கு பேர் சேர்ந்தால் நான்கு சுற்று, ஆளுக்கு ஒன்று. மூன்று சுற்றை மற்றவர் காசில் குடித்துவிட்டு நான்காவதற்கு முன் கிளம்புவதை அங்கே எளிதில் மறக்க மாட்டார்கள். மது அருந்தாதவரும் சுற்றில் சேரலாம், தனக்கு சோடாவோ பழச்சாறோ கேட்கலாம். சேர விருப்பமில்லை என்றால் முதல் சுற்றுக்கு முன்பே ‘ஐ வில் கெட் மை ஓன்’ என்று சொல்லிவிட வேண்டும். கோப்பை அளவுக்கும் ஊருக்கு ஊர் பொருள் மாறும். சிட்னியில் ‘ஸ்கூனர்’ 425 மில்லி, அடிலெய்டில் அதே பெயருக்கு 285 மில்லி. அந்த 285 மில்லியை மெல்போர்னில் ‘பாட்’ என்றும் சிட்னியில் ‘மிடி’ என்றும் கேட்க வேண்டும்.

ஆஸ்திரேலியக் கடைக்குப் போனால் ‘மான்செஸ்டர்’ என்று ஒரு பிரிவுப் பலகை தொங்கும். படுக்கை விரிப்பு, தலையணை உறை, துண்டு விற்கும் இடம் அது. அந்தக் காலத்தில் பருத்தித் துணிகள் மான்செஸ்டர் நகரிலிருந்து வந்ததால் நிலைத்த பெயர். கோயம்புத்தூரை தென்னிந்தியாவின் மான்செஸ்டர் என்று சொன்னதும் அதே பருத்தியால்தான்.

செவிலியராகப் போகிறவருக்கு மிகவும் தேவைப்படுவது நோயாளிகளின் வழக்கு. இதில் தவறு நேர்ந்தால் விளைவு வெட்கத்தோடு நிற்காது. பிரிட்டிஷ் மருத்துவமனையில் ‘பூர்லி’ என்றால் உடல்நலமில்லை. ‘வெரி பூர்லி’ என்று சக செவிலியர் பணிமாற்றத்தின்போது சொன்னால் நிலைமை கவலைக்கிடம். கேட்பதற்கு மென்மையாக இருப்பதால் ஏமாந்துவிடக் கூடாது. ‘ஐ ஹேட் எ ஃபன்னி டர்ன்’ என்பதில் வேடிக்கை ஒன்றும் இல்லை. திடீரென்று தலைசுற்றல், மயக்கம், கண்ணிருட்டல் ஏதோ வந்திருக்கிறது. எப்போது, எவ்வளவு நேரம், விழுந்தாரா என்று உடனே கேட்க வேண்டிய விஷயம் இது. ‘பின்ஸ் அண்ட் நீடில்ஸ்’ என்றால் ஊசி போடுவதைப் பற்றிய பேச்சல்ல, கை கால் மரத்து சுருக்சுருக்கென்று குத்துவது. ஊசி போடுவது ‘ஜாப்’, ஸ்காட்லாந்தில் ‘ஜாக்’. ‘வாட்டர்வொர்க்ஸ்’ குடிநீர் வாரியமல்ல, சிறுநீர் சம்பந்தப்பட்டது. ‘பேக் பாசேஜ்’ கொல்லைப்புற வழியல்ல, ஆசனவாய். ‘ஐ நீட் டு ஸ்பென்ட் எ பென்னி’ என்று வயதானவர் சொன்னால் கழிப்பறைக்குப் போக வேண்டும் என்கிறார். பழைய பொதுக் கழிப்பறைக் கதவுகள் ஒரு பென்னி நாணயம் போட்டால்தான் திறக்கும். அவருக்குச் சில்லறை தேடிக்கொண்டிருந்தால் படுக்கை நனையும்.

‘ஹீ பாப்ட் ஹிஸ் க்ளாக்ஸ்’ என்றால் இறந்துவிட்டார். நண்பர்களிடையே சொல்வது, உறவினர் முன்னிலையில் சொல்லவே கூடாது. ‘ஹீ ஹேட் எ குட் இன்னிங்ஸ்’ என்பது நிறைவாழ்வு வாழ்ந்து போனவரைப் பற்றி மரியாதையோடு சொல்வது, குடும்பத்தாரே சொல்வார்கள். ஆஸ்திரேலியாவில் ‘ஐ ஃபீல் க்ரூக்’ என்றால் உடம்பு சரியில்லை. க்ரூக்குக்குத் திருட்டுப் பேர்வழி என்ற பொருளும் உண்டு, ஆனால் ஒருவர் தன்னைப் பற்றிச் சொல்லும்போது நோய்தான். ‘ஷீ வென்ட் க்ரூக் அட் மீ’ என்றால் என்னைத் திட்டினாள்.

நோயாளிகள் உங்களைக் கூப்பிடும் விதமும் முதலில் உறுத்தலாம். நாட்டிங்ஹாம், டார்பி, ஸ்டோக் பக்கம் ‘டக்’ என்பார்கள், யார்க்‌ஷையரில் ‘லவ்’, நியூகாசிலில் ‘பெட்’, கிளாஸ்கோவில் பெண்களை ‘ஹென்’. வாத்து, கோழி என்று யாரும் இழிவு செய்யவில்லை. நம் ஊர்ப் பாட்டி முன்பின் தெரியாத பிள்ளையை ‘கண்ணு’, ‘ராசா’ என்று கூப்பிடுவது போன்ற வாஞ்சை அது. ‘யூ ஆல்ரைட்?’ என்று தாழ்வாரத்தில் எதிர்ப்படும் சக ஊழியர் கேட்டால் அது வணக்கம்தான். ‘யா, யூ?’ என்று சொல்லி நடந்துவிடலாம். முதுகுவலியை விவரிக்கத் தொடங்கினால் அவர் திகைப்பார். ஆஸ்திரேலியக் கடையில் ‘யூ ரைட்?’ என்று கேட்பது, என்ன வேண்டும் என்று விசாரிப்பது. ‘யா, நா’ என்று ஒருவர் பதில் சொன்னால் கடைசிச் சொல்லைக் கணக்கில் எடுங்கள்: வேண்டாம் என்கிறார். ‘நா, யா’ என்றால் சரி என்கிறார்.

வாயில் வரக்கூடாத சிலவும் உண்டு. பிரிட்டனில் ‘பேன்ட்ஸ்’ உள்ளாடை; வெளியே போடுவது ட்ரௌசர்ஸ். ‘தி ஃபிலிம் வாஸ் பேன்ட்ஸ்’ என்றால் படம் படுமோசம். ஆஸ்திரேலியாவில் ‘தாங்ஸ்’ ரப்பர் செருப்பு. மற்ற இடங்களில் பெண்களின் ஒரு வகை உள்ளாடை. ‘ரூட்’ என்ற வினை ஆஸ்திரேலியாவில் உடலுறவைக் குறிக்கும், ஆகையால் அமெரிக்கப் பழக்கத்தில் ‘ஐ ஆம் ரூட்டிங் ஃபார் யுவர் டீம்’ என்று அங்கே சொல்லவே கூடாது. ‘பாரக்கிங்’ என்று சொல்ல வேண்டும். அமெரிக்கப் படம் பார்த்துக் கற்ற ‘ஃபேனி’யும் பிரிட்டனில் ஆபாசம். ‘பிஸ்ட்’ என்றால் இரு நாட்டிலும் குடிபோதையில் இருப்பது; கோபம் என்ற பொருள் அமெரிக்காவுடையது. மிகவும் களைத்ததைச் சொல்லும் ‘நாக்கர்ட்’, பயன்படாத குதிரைகளை வாங்கி அறுக்கும் தொழிலிலிருந்து வந்த சொல். சகாக்களிடம் சொல்லலாம், மருத்துவரிடம் ‘டயர்ட்’ போதும்.

கிரிக்கெட் கேட்டு வளர்ந்த தமிழருக்கு இதில் ஓர் அனுகூலம் இருக்கிறது. மட்டையாட வராதவரை ‘ராபிட்’ என்பது தெரியும். அவரைவிட மோசமானவர் ‘ஃபெரட்’. ஃபெரட் என்பது முயல் வளைக்குள் விடப்படும் கீரி போன்ற விலங்கு; முயல்களுக்குப் பிறகு உள்ளே போவது அது, பதினோராவது ஆட்டக்காரரும் அப்படித்தான். ‘நிக்’ என்றால் மட்டையின் விளிம்பில் படுவது என்பதும் தெரியும். பிரிட்டனில் அதே சொல் திருடுவது, கைது செய்வது, காவல் நிலையம் மூன்றையும் குறிக்கும். ‘இன் குட் நிக்’ என்றால் நல்ல நிலையில் இருக்கிறது, பழைய கார் விளம்பரத்தில் பார்க்கலாம்.

பேசத் தொடங்குவதற்கு, நன்றிக்கு ‘சியர்ஸ்’, ‘டா’; ஆஸ்திரேலியாவில் பரவாயில்லை என்பதற்கு ‘நோ வொரீஸ்’, கூடவே ‘ஆர்வோ’, ‘பிரெக்கி’ இவை போதும். யார் வாயிலும் இயல்பாக இருக்கும். இயைபு வழக்குகளைக் கேட்டுப் புரிந்துகொள்ள மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். புரியாதது வந்தால் ‘வாட்?’ என்று கேட்பதைவிட, அந்த ஒரு சொல்லை மட்டும் கேள்வித் தொனியில் திருப்பிச் சொல்லுங்கள்: ‘சாரி, புட்சர்ஸ்?’ என்றால் சொன்னவர் மகிழ்ச்சியாக விளக்குவார். நோயாளி சொன்னால் எளிய ஆங்கிலத்தில் திருப்பிக் கேட்டு உறுதிசெய்த பிறகே குறிப்பேட்டில் எழுதுங்கள். அவர் சொன்ன சொல்லை மேற்கோளுக்குள் போட்டுப் பக்கத்தில் பொருளையும் எழுதினால் அடுத்த பணிமுறைக்கு வருபவருக்கும் உதவும். உங்களுக்கென்று ஒரு சிறிய நோட்டில் மூன்று பத்தி போடுங்கள்: என்ன சொன்னார், யாரிடம் சொன்னார், சொன்ன உடனே என்ன நடந்தது. மூன்றாவது பத்திதான் பொருளைக் காட்டும். ‘ஸ்பென்ட் எ பென்னி’ என்றவர் செருப்பைத் தேடிக்கொண்டு கழிப்பறைப் பக்கம் பார்த்தார் என்று எழுதியிருந்தால், அந்த வரிக்கு அகராதி தேவைப்படாது.